சூடான கிண்ணம்

ஹோட்டலில் பாத்திரம் கழுவுபவர்களைப் பரிமாறும் வேலைக்குத் தயார்படுத்தும் வகுப்பு. பயிற்சியாளர் கோபக்கார வாடிக்கையாளராக நடித்தார்.

"இது சூப்பா, கழனித்தண்ணியா?" மேஜையைத் தட்டிக் கத்தினார்.

முதலில் வந்த இருவரும் திருதிருவென்று விழித்தார்கள். மூன்றாவதாக வந்தவள் சூடான கிண்ணத்தைத் தள்ளி வைத்தாள். ஓர் அடி பின்வாங்கினாள்.

"தப்பு என்னோடதுதாங்க. இதோ, வேற கொண்டு வர்றேன்."

குரல் நடுங்கவில்லை. முகத்தில் சிரிப்பும் மாறவில்லை.

"எல்லாரும் பாத்துக்குங்க, இதுதான் சர்வீஸ்!" பயிற்சியாளர் கைதட்டினார். "கிண்ணத்தைத் தள்ளி வைக்கணும்னு நான் சொல்லித் தரவே இல்லையேம்மா?"

"கைக்கு எட்டினா மூஞ்சியில வீசிடுவாரு சார்."

"அடப்பாவி! எந்த கஸ்டமர்?"

அவள் சட்டைக் கையை மணிக்கட்டுவரை இழுத்துவிட்டுக்கொண்டாள்.

"கஸ்டமர் இல்ல சார். வீட்டுல, அவரு."