ஆறு பீரியட்

"சார், ஒன்பதாம் வகுப்பு பி பிரிவை என்கிட்டேருந்து எடுத்துடுங்க."

கால அட்டவணையின் மேல் குனிந்திருந்த துணைத் தலைமையாசிரியர் நிமிர்ந்தார். பள்ளியில் அவருக்குப் பெயர் 'கட்டம் சார்'. கட்டம் கட்டமாகக் கோடு போட்டு, அதில் ஆசிரியர்களை இட்டு நிரப்புவதே வருஷம் முழுக்க அவருக்கு வேலை. காதில் பென்சில் இல்லாமல் அவரை யாரும் பார்த்ததில்லை.

எதிரே நின்றவர் அறிவியல் டீச்சர். பதினாலு வருஷ சர்வீஸில், முடியாது என்று ஒருநாள்கூட இந்த மேஜை முன்னால் வந்து நின்றதில்லை.

"என்னம்மா, பசங்க வால்தனம் பண்றாங்களா?"

"அதெல்லாம் இல்ல சார். தொண்டை வலி. வாரத்துல ஆறு பீரியட் குறைஞ்சா நல்லா இருக்கும்."

பக்கத்து வகுப்புவரை கேட்கும் அதே கணீர்க் குரலில்தான் தொண்டை வலியைச் சொன்னார். கட்டம் சார் கேட்டும் கேட்காததுபோல் இருந்துவிட்டார்.

"சரி, யார் தலையில கட்டறது? எல்லாருக்கும் ரொம்பி வழியுது." விரல் அட்டவணையின் மேல் ஓடி, கடைசி வரிசையில் நின்றது. "புது டீச்சர்தான் இருக்காங்க. அவங்களுக்குப் பதினெட்டு பீரியட்தான்."

"அவங்களுக்கே குடுங்க சார்."

பதில் ரொம்பச் சீக்கிரம் வந்துவிட்டது.

புது டீச்சர் தற்காலிகமாக வந்தவர். வாரத்துக்கு இருபத்து நாலு பீரியட் இருந்தால்தான் நிர்வாகம் நிரந்தரமாக்கும். இல்லையென்றால் இந்த மாதத்தோடு வீட்டுக்கு. நாளைக் காலையில் நிர்வாகக் குழு கூடுகிறது. அவருக்கு எங்கேயாவது ஆறு பீரியட் தேறுமா என்று கட்டம் சாரும் ஒரு வாரமாக அழித்து அழித்துப் பார்த்து, ரப்பர்தான் பாதியாகியிருந்தது.

"பதிவேட்டுல எழுதணும்" என்று அவர் பெரிய நோட்டைத் திறந்தார். "'ஒப்படைத்தார்'னு போட்டுடறேன். உங்களுக்கு ஒரு பாதிப்பும் வராது. தொண்டை சரியானதும் திருப்பி வாங்கிக்கலாம்."

"அப்படிப் போட்டா அந்த ஆறும் அவங்க பேர்ல ஏறுமா சார்?"

"எப்படி ஏறும்? ஒப்படைக்கிறதுன்னா இரவல் குடுக்கற மாதிரி. பாடம் நடத்தறது அவங்க, வகுப்பு உங்களோடதுதான்."

"'மாற்றப்பட்டது'னு எழுதினா?"

"நான் மாத்தினேன்னு ஆயிடும். ஏன் மாத்தினேன்னு நாளைக்கு என்னைப் பிடிச்சு உலுக்குவாங்க."

"வேற வார்த்தை இல்லையா சார்?"

கட்டம் சார் தயங்கினார். "'விலகினார்'னு ஒண்ணு இருக்கு. அது வேண்டாம்மா. வகுப்பைச் சமாளிக்க முடியாம விட்டுட்டுப் போறவங்களுக்குப் போடறது. அடுத்த வருஷம் துறைத் தலைவர் பதவி உங்களுக்குத்தான்னு ஊரே பேசுது. இந்த ஒரு வார்த்தை விழுந்தா அது கைநழுவிப் போயிடும்."

"போட்டா, அவங்க பேர்ல ஏறும் இல்லையா?"

"ஏறும்."

"அப்ப அதையே எழுதுங்க சார்."

கட்டம் சாருக்குக் கோபம் வந்தது. "வருஷத்துக்கு நடுவுல அந்தப் பிள்ளைங்களை விட்டுட்டுப் போக உங்களுக்கு எப்படிம்மா மனசு வருது?"

"வரலதான் சார்." டீச்சர் கையிலிருந்த சாக்பீஸ் தூளைத் தட்டிவிட்டார். "ஆனா அவங்களும் நல்லா நடத்துவாங்க. வராந்தாவுல நின்னு கேட்டிருக்கேன். இலை எப்படிச் சாப்பாடு தயாரிக்குதுன்னு சொல்லிக்கிட்டிருந்தாங்க. நான்கூட மணி அடிச்சதை மறந்துட்டேன்."

கட்டம் சார் எழுதினார். 'விலகினார்' என்ற சொல்லை எழுதும்போது பேனா ஒரு தடவை நின்று, பிறகு நகர்ந்தது. டீச்சர் கையெழுத்துப் போட்டார். புது டீச்சருக்கு ஆள் போயிற்று.

புது டீச்சர் உள்ளே வந்தவர், அறிவியல் டீச்சரைக் கண்டதும் வாசலிலேயே ஒரு நொடி நின்றார். பிறகு சுவரோரமாக நடந்து மேஜைக்கு வந்தார். ஆசிரியர் அறையிலும் இப்படித்தான்; ஒருவர் ஒரு மூலை என்றால் இன்னொருவர் எதிர் மூலை. நாலு மாதமாக ஒரு வணக்கம்கூடக் கிடையாது.

பதிவேட்டைப் படித்த புது டீச்சரின் முகம் வெளிறிப்போனது. "சார்... இது நிஜமாவா?"

"கையெழுத்துப் போடுங்கம்மா. இனிமே உங்களுக்கு இருபத்து நாலு."

கையெழுத்துப் போட்டுவிட்டு, புது டீச்சர் அறிவியல் டீச்சரின் பக்கம் திரும்பினார். தலையைக் குனிந்துகொண்டு வெளியே போய்விட்டார்.

கட்டம் சார் நோட்டை மூடினார். இதற்குமேல் அவரால் அடக்க முடியவில்லை.

"உங்க ரெண்டு பேருக்கும் ஆகாதுன்னு இந்தக் கட்டடத்துச் செங்கல்லுக்குக்கூடத் தெரியும். அவங்களுக்காகப் போய் ஏம்மா உங்க பேரைக் கெடுத்துக்கறீங்க?"

"அவங்களுக்காக இல்ல சார். இந்த வேலையும் நிலைக்கலன்னா வீட்டுக்காரரைக் கூட்டிக்கிட்டு அவங்க அம்மா ஊருக்கே குடிபோயிடறதா இருக்காங்க."

"போகட்டுமே. உங்களுக்கு என்ன?"

டீச்சர் பையைத் தோளில் மாட்டிக்கொண்டார்.

"அவங்க வீட்டுக்காரர் ஞாயித்துக்கிழமை தவறாம எங்க வீட்டுக்கு வந்து என் பொண்ணை வெளியே கூட்டிட்டுப் போவார் சார். என்னை விட்டுட்டுப் போனாலும், அவளுக்கு அவர்தானே அப்பா."