கால் தாளம்

மூன்றாவது டேக்கும் பாழாய்ப் போனது.

"ஃபிடில்காரரே, நீங்க காலால தாளம் போடுறது மைக்ல இடி மாதிரி விழுதுய்யா!" ஒலிப்பதிவாளர் ஹெட்போனைக் கழற்றி வீசினார். "இது பேசும் படம்! இன்னொரு தட்டு கேட்டுச்சுன்னா, உங்க ஊரு கென்டக்கிக்கே ரயில் ஏறிடுங்க. வெளிய வேற கோஷ்டி காத்துக்கிட்டிருக்கு."

ஃபிடில் வாசித்த எம்மெட்டுக்கு வியர்த்துக் கொட்டியது. பாஞ்சோ என்ற தந்தி வாத்தியத்தோடு பக்கத்தில் உட்கார்ந்திருந்த தம்பி லோனி அவன் முகத்தையே பார்த்தான்.

"காலை அடக்கி வாசிக்க வராதாடா உனக்கு?" கிட்டார் ஹோபர்ட் பல்லைக் கடித்தான்.

"எனக்கு வரும்" என்றான் எம்மெட்.

பூட்ஸைக் கழற்றினான். கேமராவில் இடுப்புக்கு மேலேதான் தெரியும். நாற்காலியை நெருக்கிப் போட்டு, வெறுங்காலைத் தம்பியின் பாதத்தின் மேல் வைத்துக்கொண்டான்.

மூன்று நிமிடம். எம்மெட்டின் பாதம் சத்தமில்லாமல் தம்பியின் பாதத்தில் தாளத்தை அழுத்திக்கொண்டே இருந்தது. பாட்டு முடிந்தது.

"ஓகே!" ஒலிப்பதிவாளர் ஓடிவந்து லோனியின் தோளைத் தட்டினார். "ஒரு இடத்துலகூட தாளம் பிசகல. என்னா காதுய்யா உனக்கு!"

அவர் உதடு அசைவதைப் பார்த்து லோனி சிரித்துவைத்தான்.

சுரங்கத்தில் வெடி வெடித்து இரண்டு காதும் போனதிலிருந்து, அவனுக்கு அண்ணனின் கால்தான் காது.