மூன்று விரலும் ஒரு பாட்டிலும்

ஒரு ஊரில் ஒரு பிருந்தா. ஊர் பாளையங்கோட்டை. கல்லூரி ஆய்வகத்தில் ஒரு மேசையும், சோதனைக் குழாயின் அடியில் ஒரு சொட்டுப் புரதமும்தான் அவள் ராஜ்யம்.

அந்தப் புரதத்துக்கு மூன்று விரல். ஒவ்வொரு விரலும் டி.என்.ஏ.வில் மூன்று எழுத்தைத் தடவிப் படிக்கும். கண்ணைக் கட்டிக்கொண்டு டவுண் ரதவீதியில் நடக்கிறவன், அல்வாக்கடை, பாத்திரக்கடை, ஜவுளிக்கடை என்று வரிசை சரியாக வந்த இடத்தில் நிற்பானே, அப்படி. ஒன்பது எழுத்தும் பொருந்தினால்தான் பிடிக்கும். விரல் துவளாமல் தாங்குவது, ஒவ்வொன்றுக்குள்ளும் இருக்கிற ஒரு துத்தநாக அணு.

மூன்று தடவை சோதனை செய்தும் புரதம் டி.என்.ஏ.வைப் பிடிக்கவில்லை. இன்னும் ஒரு தடவைக்குத்தான் புரதம் மிச்சம். வெள்ளிக்கிழமை முடிவைக் காட்டாவிட்டால் ஒரு வருஷம் போச்சு.

அன்று காலை உள்ளே வந்தால், பக்கத்து மேசை கிங்ஸ்லி புரதத்தைக் கலக்க அவள் செய்துவைத்திருந்த கரைசல் பாட்டிலைத் தொட்டியில் கவிழ்த்துக்கொண்டிருந்தான்.

நேரே பேராசிரியர் அப்பாத்துரையிடம் போனாள். "போன வாரம் என்னமோ சொல்ல வந்தான் சார். 'ஒன் சோலியப் பாருலே'ன்னு எல்லார் முன்னாலயும் வெரட்டிட்டேன். அந்தக் காட்டம்."

சார் அவனைக் கூப்பிட்டார். "ஏலே, அவ கரைசல எதுக்குலே கொட்டுன?"

கிங்ஸ்லி தரையைப் பார்த்தான். "கை தவறிட்டு சார்."

ஒரு மாசம் ஆய்வகத்துப் பக்கமே வரக்கூடாது என்று சொல்லிவிட்டார்.

நல்லவேளை, அலமாரியில் அவள் பெயர் ஒட்டிய இன்னொரு பாட்டில் இருந்தது. எப்போதோ கலக்கி வைத்ததாக்கும் என்று எடுத்துக்கொண்டாள்.

சாயங்காலம் பார்த்தால், பிடித்திருந்தது.

அதே புரதம், அதே டி.என்.ஏ. இப்போது மட்டும் எப்படி? சந்தோஷத்தைவிட அந்தக் கேள்விதான் அரித்தது. பாட்டிலைத் திருப்பினாள். பின்பக்கம் பொடி எழுத்து. அவள் எழுத்தில்லை.

'ஈ.டி.டி.ஏ. போடல. அது துத்தநாகத்த உருவிரும்.'

டி.என்.ஏ. கெடாமல் இருக்க எல்லாக் கரைசலிலும் அவள் பழக்கதோஷத்தில் போடுகிற உப்பு அது.

கீழே ஓடினாள். வாசலில் கிங்ஸ்லி பையோடு பஸ்ஸுக்கு நின்றான்.

"சார்ட்ட உண்மையச் சொல்லிருக்கலாம்லா?"

"சொன்னா, மூணு தடவையும் புரதத்த வீணாக்குனது நீதான்னு தெரிஞ்சிரும்லா. மிச்சத்த வேற ஆளுக்குக் குடுத்திருப்பாரு."

பஸ் வந்தது. அவன் ஏறிப் போனான்.

பிருந்தா பாட்டிலை எடுத்துக்கொண்டு, பையப் பைய சார் அறையைப் பார்த்து நடந்தாள்.