உயிர்க்கிண்ணம்

“வந்துட்டியாம்மா!” என்று கதவைத் திறந்த பெரியவர், கையிலிருந்த வெண்கலக் கிண்ணத்தை எங்கே வைப்பதென்று தெரியாமல் மார்போடு அணைத்துக்கொண்டார். “வருவியோ மாட்டியோன்னு இருந்தேன். உள்ள வா, வெளியிலயே நிக்கிறியே!”

வாசலில் நின்றவள் அந்த முகத்தை அதற்கு முன் பார்த்ததே இல்லை. ‘நான் உங்கள் மகள் இல்லை’ என்று சொல்லிவிட்டுத் திரும்பிப் போகத்தான் வந்திருந்தாள். அவள் வாயைத் திறப்பதற்குள் அவர் அடுப்படிக்கே போய்விட்டார். வேறு வழியில்லாமல் செருப்பைக் கழற்றிவிட்டு அவளும் உள்ளே நுழைந்தாள்.

அவர்கள் ஊர்ப்பக்கம் குழந்தை பிறந்ததும் அதன் நெஞ்சில் காதை வைத்துக் கேட்டு, அதே நாதத்தில் ஒரு கிண்ணம் வார்ப்பார்கள். அதுதான் உயிர்க்கிண்ணம். அதைத் தட்டினால், அந்தக் குழந்தை எவ்வளவு வளர்ந்து எந்த மூலையில் இருந்தாலும் அதன் நெஞ்செலும்பு அதிரும். ‘வீட்டுக்கு வா’ என்று அர்த்தம். பெற்றவர்கள் காலம் முடிந்ததும் கிண்ணத்தை உருக்கிவிட வேண்டும். இல்லாவிட்டால் கண்டவர் கையில் சிக்கும்; கண்ட நேரத்தில் ஒரு மனிதரை ஆட்டிவைப்பார்கள்.

அம்மா போன கையோடு இவளுடைய கிண்ணமும் போய்விட்டது. அண்ணன்தான் உருக்கக் கொண்டுபோனான். பிறகு அவனும் பிழைப்பு தேடிக் கடல் தாண்டினான். பேச்சு குறைந்து, ஒருநாள் நின்றேபோனது. ஆஸ்பத்திரி சலவைக்கூடத்தில் அவள் பகலெல்லாம் துணி மடிப்பாள். அறைக்கு வந்தால் பேச்சுத்துணைக்கு மின்விசிறிதான், அதுவும் பாதி நாள் மக்கர் பண்ணும்.

போன மழைக்காலத்தில் ஒரு சாயங்காலம், படுக்கை விரிப்பை உதறிக்கொண்டிருந்தபோது நெஞ்சு அதிர்ந்தது. இயந்திரங்கள் போட்ட கூச்சலையும் மீறி உள்ளே ஒரு ரீங்காரம். துணிக்குவியல் மேல் அப்படியே உட்கார்ந்து அழுதாள். தன்னைக் கூப்பிட இந்த உலகத்தில் ஆளே இல்லை என்பது அவளுக்கு நன்றாகத் தெரியும்.

யோசித்துப் பார்த்ததில் ஒன்றுதான் பட்டது. வார்ப்புக்காரரின் கைத்தவறு! அபூர்வமாக இரண்டு பேருக்கு ஒரே நாதம் அமைந்துவிடுவதுண்டு. யாரோ ஒரு தகப்பன் தன் மகளைக் கூப்பிடுகிறான், அது இவளுக்கும் சேர்த்துக் கேட்கிறது.

கேட்டுக்கொண்டு சும்மா இருந்திருக்கலாம். ஓசியில் கிடைத்த சுகம். ஆனால் நாளாக ஆக அந்த அதிர்வு கெஞ்சலாக மாறிக்கொண்டே போனது. அந்த மகள் இன்னும் வரவில்லை போலிருக்கிறது. மனசு கேட்காமல், அதிர்வு கூடிய பக்கமெல்லாம் தெருத்தெருவாக நடந்து, இன்றைக்கு இந்த வாசலில் வந்து நின்றாள்.

வீட்டில் இருந்தது ஒரே நாற்காலி. அதில் அவளை உட்காரவைத்துவிட்டு, அவர் வாளியைக் கவிழ்த்துப்போட்டு உட்கார்ந்தார். டீயை நீட்டிய கைகளில் முழங்கை வரைக்கும் தீக்காயத் தழும்புகள். மகள் போனபின் தானே பொங்கித் தின்று சுட்டுக்கொண்டார் போல, பாவம் என்று நினைத்துக்கொண்டாள்.

“சர்க்கரை சரியா இருக்கா?”

“நல்லாருக்குங்க.” பாகு மாதிரி இருந்தது.

“தெனம் தட்டுறேனே, தொந்தரவா இருக்காம்மா?”

“அதெல்லாம் இல்லைங்க.”

“நான் பண்ணது தப்புதான்.” அவர் கிண்ணத்தின் விளிம்பைத் தடவிக்கொண்டே இருந்தார். “நீ நாலு வார்த்தை திட்டினாலும் வாங்கிக்கிறேன். முகத்தை ஒரு தடவையாவது பாத்துடணும்னு தோணிச்சு. வேற யாரும்மா எனக்கு?”

என்ன சண்டையோ, என்ன சொல்லி விரட்டினாரோ! ‘அப்பா’ என்று ஒரே ஒரு வார்த்தை சொன்னால் போதும். கிண்ணங்கள் எல்லாம் ஒரே அச்சு, யாரும் பார்த்துக் கண்டுபிடிக்கப்போவதில்லை. அவருக்கும் பார்வை மங்கல். தினமும் வேலை முடிந்ததும் வந்து இந்தப் பாகைக் குடித்துவிட்டு, இரண்டு வார்த்தை பேசிவிட்டுப் போகலாம்.

உண்மையைச் சொன்னால்? கிண்ணம் வேறு யாரையோ தொந்தரவு செய்கிறது என்று அவர் தட்டுவதையே விட்டுவிடுவார். பிறகு அந்த அறையும் மின்விசிறியும்தான். ஆனாலும், எங்கேயோ ஒருத்தி என்றைக்காவது கோபம் தீர்ந்து இந்த வாசலுக்கு வருவாளே, அவள் இடத்தில் உட்கார்ந்துகொண்டு எப்படி டீ குடிப்பது?

டம்ளரைக் கீழே வைத்தாள்.

“ஐயா, நான் உங்க பொண்ணு இல்லைங்க. என் கிண்ணத்தை எப்பவோ உருக்கியாச்சு. இதுவும் அதே நாதத்துல அமைஞ்சுபோச்சு, அதான் எனக்கும் கேக்குது. உங்க பொண்ணுக்கும் கேட்டுக்கிட்டுதான் இருக்கும், கட்டாயம் வருவாங்க. தயவுசெஞ்சு தட்டுறதை மட்டும் நிறுத்திடாதீங்க.” அவர் கையிலிருந்த கிண்ணத்தைப் பார்த்தாள். “எனக்கும் அதை விட்டா வேற எதுவும் இல்லைங்க.”

பெரியவர் திகைத்துப்போய் அவளையே பார்த்தார். பிறகு எழுந்து வந்து, கிண்ணத்தை அவள் மடியில் வைத்தார்.

“எனக்குக் கல்யாணமே ஆகலம்மா. உங்க அண்ணன் உருக்கச் சொல்லித்தான் என் பட்டறையில குடுத்தான், எனக்குத்தான் மனசு வரல.”