வயதுக்கேற்ற வேஷம்

“புது நாடகத்துல பதினெட்டு வயசுப் பால்காரப் பொண்ணாம்! நம்ம மேடத்துக்கு இந்த நவம்பர் வந்தா நாப்பத்தாறு. மாடு பயந்துபோய்ப் பாலை உள்ள இழுத்துக்கும்!”

ஹார்கோட் சொன்னதும் நடிகர்கள் அறையில் சிரிப்பு வெடித்தது. அதிகம் சிரித்தவள் இளம் நடிகை கிட்டி. கதாநாயகி வேஷத்தை அவளுக்கு வாங்கித் தருவதாக அவர் வாக்குக் கொடுத்து இரண்டு வாரமாகிறது.

மேடம் என்றால் அகஸ்டா பெல்வுட். அந்த லண்டன் அரங்கின் கதாநாயகியும் அவர்தான், முதலாளியும் அவர்தான். நடிக்கிற பெண்ணை லண்டன் மன்னித்துவிடும். சம்பளம் கொடுக்கிற பெண்ணை மன்னிப்பதுதான் கஷ்டம். பன்னிரண்டு வருஷமாக அவருக்கு ஜோடியாக நடிக்கும் ஹார்கோட் அதற்கு முயன்றதேயில்லை.

கதவு திறந்தது. சிரிப்பெல்லாம் இருமலாக மாறியது.

“என்ன மிஸ்டர் ஹார்கோட், கோமாளி வேஷத்தையும் நீங்களே எடுத்துக்கிட்டீங்களா?” என்றபடி மேடம் வந்து உட்கார்ந்தார்.

“கம்பெனியோட நல்லதைத்தான் பேசிட்டிருந்தோம் மேடம். போன சனிக்கிழமை நான் மண்டி போட்டுக் காதலைச் சொன்னப்போ கேலரியே சிரிச்சுது. கவனிச்சீங்களா?”

“கவனிக்காம? ஆரஞ்சுத் தோல்கூட வந்து விழுந்துதே. உங்களுக்குக் கை கொடுத்துத் தூக்கி விட்டதே நான்தானே?”

“ஏன் சிரிச்சாங்கன்னு யோசிச்சீங்களா?”

“மூணு நாளா அதைத்தான் யோசிக்கிறேன்.”

“சொன்னா உங்க மனசு நோகும்.”

“இத்தனை நாள் நோகாமலா வச்சிருந்தீங்க? சொல்லுங்க.”

“வயசு மேடம், வயசு! சுண்ணாம்பு அடிச்சா பழைய சுவர் புதுசாயிடுமா? பால்காரப் பொண்ணு வேஷத்தைக் கிட்டிக்குக் கொடுத்துட்டு, நீங்க அவளோட அம்மாவா வாங்க. அம்மாவுக்கும் ரெண்டு அழுகைக் காட்சி இருக்காமே!”

மேடத்தின் கையிலிருந்த விசிறி மெதுவாக மடங்கியது. இருபது வருஷமாக யாருக்கும் விட்டுக்கொடுக்காத இடம். கிட்டி கண்ணாடியில் தன் கன்னத்தைப் பார்த்துக்கொண்டாள்.

“நீங்க சொல்றது நியாயம்தான்,” என்றார் மேடம் கடைசியில். “ஆனா, என்னை மட்டும் இறக்கினா ஊரே கைகொட்டிச் சிரிக்கும். கம்பெனி விதின்னு ஒண்ணு போட்டா, கௌரவமா ஒதுங்கிக்குவேன்.”

“அதுக்கென்ன, எழுதியே வச்சிருக்கேன்!” ஹார்கோட் சட்டைப்பையிலிருந்து ஒரு காகிதத்தை எடுத்தார். கையை நீட்டிப் பிடித்துக்கொண்டு கணீரென்று வாசித்தார். “‘இனி இந்த அரங்கில் எந்த நடிகையும் தன் வயதைவிடப் பத்து வயதுக்கு மேல் குறைந்த வேஷம் கட்டக் கூடாது.’”

“ரொம்ப அழகா இருக்கு. ஒரே ஒரு சொல் மட்டும் உறுத்துது. ‘எந்த நடிகையும்’னு போட்டா என்னைத்தான் சொல்றீங்கன்னு குழந்தைகூடக் கண்டுபிடிச்சிடும். ‘எவரும்’னு மாத்திடுங்களேன்.”

ஜெயித்தவனுக்குப் பெருந்தன்மைதானே அழகு? ஹார்கோட் அந்த இடத்திலேயே அடித்துத் திருத்தி, கையெழுத்தும் போட்டார். மேடம் போட்டார். மற்றவர்களும் போட்டார்கள். காகிதம் அறிவிப்புப் பலகையில் ஏறியது.

மறுநாள் காலை, வசனம் எடுத்துக்கொடுக்கும் ஸ்னெல் புது நாடகத்தின் பாடக் கட்டுகளைப் பங்கிட்டார். அங்கே யாருக்கும் முழு நாடகமும் கிடைக்காது. அவரவர் பேச வேண்டிய வசனம் மட்டும்தான். அதனால் கட்டைப் பிரிப்பதற்கு முன் எடை பார்ப்பதுதான் வழக்கம்.

கிட்டிக்குப் பால்காரப் பெண் கிடைத்தாள். அவள் துள்ளிக் குதித்தாள். அம்மா வேஷத்தின் கட்டு மேடத்தின் மடிக்குப் போனது.

ஹார்கோட் தன் கட்டைக் கையில் நிறுத்துப் பார்த்தார். “என்ன ஸ்னெல், இவ்வளவு இளைச்சிருக்கு? காதலனுக்கு இன்னொரு கட்டு இருக்கணுமே?”

“பிரிச்சுப் பாருங்க சார்,” என்ற ஸ்னெல் இரண்டடி தள்ளி நின்றுகொண்டார்.

ஹார்கோட் பிரித்தார். கையை எட்ட நீட்டி, கண்ணைச் சுருக்கி வாசித்தார். “‘கண்ணு தெரியலடி பேத்தி, அந்தக் கைத்தடியை எடு...’ என்னய்யா இது? கிழவன் பாடத்தை என்கிட்ட கொண்டு வந்து கொடுத்திருக்க?”

“சரியாத்தான் கொடுத்திருக்கார் மிஸ்டர் ஹார்கோட்,” என்றார் மேடம், அறிவிப்புப் பலகையை விசிறியால் சுட்டிக் காட்டி. “நாப்பது வருஷத்துக்கு முன்னால, ஆறு வயசுக் குழந்தையா நான் மொதல் மொதலா மேடையேறினப்போ, என்னைத் தோள்ல தூக்கிட்டு வந்த அந்த நாடகத்துக் காதலன் நீங்கதானே?”