கிணற்றுக் காட்சி

பூங்கோதைக்குச் சிறுவயதிலேயே காது போய்விட்டது. எதிரில் இருப்பவரின் உதட்டைப் பார்த்தே பேச்சைப் படித்துவிடுவாள். அதற்காகத்தான் குறும்பட இயக்குநர் அருளப்பன் அவளை அழைத்திருந்தான். பழைய ஊமைப்படம் ஒன்றின் கிணற்றுக் காட்சியை அப்படியே மறுபடி எடுக்கப் போகிறானாம். அதில் கிணற்றில் குதித்த நாயகி நீருக்கு மேல் முகம் தூக்கி ஏதோ சொல்கிறாள். “சுவாமி, போய் வருகிறேன்” என்கிறது அடுத்து வரும் எழுத்து அட்டை.

“நெஜமா என்னக்கா சொல்றாங்க?”

பூங்கோதை தாளில் எழுதிக் காட்டினாள். “கயிறு அவுந்துடுச்சு, தூக்குங்க. மூணு தடவை சொல்றாங்க. அப்புறம் தண்ணிக்குள்ள போயிடுறாங்க.”

அருளப்பன் தாளைக் கண்ணில் ஒற்றிக்கொண்டான். “இதையே சொல்ல வச்சிடலாம்க்கா. இதான் படமே!”

நடிகை மஞ்சரிக்கு அந்த உதட்டசைவைப் பழக்க இரண்டு நாள் பிடித்தது. மூன்றாம் நாள் நண்பகலில், சேலைக்குள் இடுப்பில் கயிறு கட்டி, மறுமுனையைத் தூணில் முடிந்து, அவளைக் கிணற்றில் இறக்கினார்கள். கேமரா ஓடியது. “கயிறு அவுந்துடுச்சு, தூக்குங்க” என்றாள் மஞ்சரி. மறுபடியும் சொன்னாள். மூன்றாவது முறை கத்தியே சொன்னாள். சுற்றி நின்றவர்கள் மூச்சுவிடாமல் ரசித்துக்கொண்டிருந்தார்கள். ஒவ்வொரு முறைக்கும் ஒரு விரலாக மடக்கியபடி நின்றிருந்தாள் பூங்கோதை.

மஞ்சரியின் உதடுகள் மீண்டும் அசைந்தன. “அற்புதம்” என்றன அருளப்பனின் உதடுகள்.

பூங்கோதை நான்காவது விரலை மடக்கிவிட்டுச் செருப்பைக் கழற்றினாள்.