பன்னிரண்டாவது கை

தீர்மானம் தோற்கத்தான் போகிறது என்று நிச்சயமாகத் தெரிந்ததால், மைதிலி முதல் ஆளாகக் கையைத் தூக்கினாள்.

ரோஸ்மேரியக்காவைச் சங்கத்திலிருந்து விலக்குவது என்பதுதான் தீர்மானம். ரோஸ்மேரியக்கா எதிரிலேயே, தன் ஓவர்லாக் தையல் மெஷின் ஸ்டூலில் உட்கார்ந்திருந்தாள்.

கரண்ட் போயிருந்தது. கரண்ட் போனால்தான் அந்தப் பெருமாநல்லூர் கொட்டகையில் கூட்டம் நடக்கும். மெஷின் ஓடும்போது ஜனநாயகத்துக்கு யாருக்கு நேரம் இருக்கிறது? அது 2008. கரண்ட் நாளுக்கு நான்கு தடவை போனது. ஜனநாயகத்துக்கு ஒரு குறையும் இல்லை.

பன்னிரண்டு பெண்கள் சேர்ந்து நடத்தும் பனியன் சங்கம். முதலாளி கிடையாது, பன்னிரண்டு பேரும் முதலாளி. ஆறு வருஷமாக, வாய்விட்டுத் திட்டுவதற்கு ஓர் ஆள் கிடைக்காமல் தவித்துக்கொண்டிருந்தார்கள்.

எந்தத் தீர்மானமும் பன்னிரண்டு கையும் மேலே போனால்தான் செல்லும். ஒரு கை கீழே இருந்தாலும் தள்ளுபடி. டீயில் இஞ்சி தட்டிப்போடும் தீர்மானம் மருதாளின் ஒற்றைக் கையால் நான்கு முறை தோற்றிருக்கிறது. போர்டுக்கு என்ன கலர் என்பதில் ஒத்துவராமல், போர்டு இன்னும் வெறும் தகரமாகவே தொங்கியது.

இன்னொரு விதியும் இருந்தது. யாரை விலக்கப் பேசுகிறார்களோ அவருக்கும் கை உண்டு. பழைய கம்பெனியில் வெளியே போகச் சொன்னபோது அவர்களை யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. அந்த ஆத்திரத்தில் எழுதிக்கொண்டது.

ஆகவே ரோஸ்மேரியக்கா கையை மடியில் வைத்துக்கொண்டு சும்மா இருந்தாலே போதும். யாராலும் அவளை அசைக்க முடியாது.

பிறகு எதற்குத் தீர்மானம்?

சர்க்கரை வியாதி கண்ணில் இறங்கியதிலிருந்து, ரோஸ்மேரியக்காவின் தையல் துணியை விட்டுத் தனியாக ஊர்வலம் போக ஆரம்பித்திருந்தது. நூல் பிசிறு வெட்ட உட்காரவைத்தார்கள். பிசிறோடு சட்டையும் வெட்டுப்பட்டது. மறுபடி மெஷினில் உட்காரவைத்தார்கள். கடைசியாக அனுப்பிய நானூறு பனியன் சட்டைகளில் கழுத்துத் தையல் பிரிந்தது.

அவற்றை வாங்கிய வெளிநாட்டுக் கடைக்காரர், உழைக்கும் பெண்களிடம் நியாயமாக நடந்துகொள்வதையே கொள்கையாக வைத்திருப்பவர். மிகவும் நியாயமாக, நானூறையும் திருப்பி அனுப்பினார். இன்னொரு தடவை நடந்தால் ஆர்டர் கிடையாது என்று அன்போடு ஒரு கடிதமும் எழுதினார்.

என்ன நடவடிக்கை எடுத்தீர்கள் என்று கேட்க, சங்கத்தை ஆரம்பித்துக்கொடுத்த கோயமுத்தூர் டிரஸ்ட்காரர் நாளைக்கு வருகிறார். தீர்மானம் கொண்டுவந்தோம், தோற்றுவிட்டது என்று சொல்லிவிடலாம். நடவடிக்கையும் எடுத்தாயிற்று, அக்காவும் இருப்பாள். மைதிலியின் யோசனை இது. அவள் யாரிடமும் சொல்லவில்லை. மற்றவர்கள் முகத்தைப் பார்த்தால் எல்லோருக்கும் அதே யோசனைதான் என்று தெரிந்தது.

அக்காவிடமாவது சொல்லியிருக்கலாம். விவரமானவள், சொல்லியா தெரியவேண்டும் என்று விட்டுவிட்டாள்.

சித்ரகலா பாதிக் கையைத் தூக்கிவிட்டு, முழுக் கை தேவையா என்று சுற்றிலும் பார்த்தாள்.

"ஏனுங்கக்கா, கல்யாண ஊட்டுல போட்டோவுக்கு நிக்கற மாதிரி யோசிக்கறீங்க? சட்டுனு தூக்குங்க, கரண்ட் வந்துருமுங்க" என்றாள் மருதாள்.

எல்லோரும் சிரித்தார்கள். ரோஸ்மேரியக்காவும் சிரித்தாள். கைகள் வரிசையாக மேலே போயின.

மைதிலிதான் செயலாளர். தூக்கிய கையை இறக்காமலே எண்ணினாள். பதினொன்று. தள்ளுபடி என்று சொல்ல வாயைத் திறந்தாள்.

ரோஸ்மேரியக்காவின் கை மடியிலிருந்து கிளம்பியது. முந்தானையைச் சரிசெய்யப்போகிறாள் என்று நினைத்தார்கள். கை தோளைத் தாண்டி மேலே போய் நின்றது.

"அக்கா, நீங்க எதுக்குங்க தூக்கறீங்க?"

"எல்லாரும் தூக்கிருக்கும்போது நா மட்டும் உக்காந்துட்டு இருந்தா நல்லாவா இருக்கும், மைதிலி?"

ஆறு வருஷத்துக்கு முன்னால், பழைய கம்பெனி கேட்டில், மைதிலி இதே பதிலைக் கேட்டிருக்கிறாள். ராத்திரி ஷிப்டுக்கு வரமாட்டோம் என்றவர்களை வேலையிலிருந்து நிறுத்திய பட்டியலில் பதினொரு பெயர்கள்தான் இருந்தன. ரோஸ்மேரியின் பெயர் அதில் இல்லை. நல்ல கை, நீ இரு என்று மேனேஜரே சொல்லியிருந்தார். அவள் மெஷினை நிறுத்திவிட்டு, டிபன் பாக்ஸோடு இவர்கள் பின்னால் வந்தாள். ஏனுங்கக்கா என்று கேட்டதற்கு, எல்லாரும் போகும்போது நான் மட்டும் உட்கார்ந்திருந்தால் நல்லாவா இருக்கும் என்றாள்.

பன்னிரண்டு கை.

மருதாள் சித்ரகலாவைப் பார்த்தாள். சித்ரகலா மைதிலியைப் பார்த்தாள். ஏதாவது ஒரு கை இறங்கினால் போதும், தீர்மானம் தோற்றுவிடும். யாருடையதாக இருந்தாலும் சரி.

நானூறு சட்டைகள் மைதிலியின் நினைவுக்கு வந்தன. ஆர்டர் போய்விட்டால், மறுபடி ஏதோ ஒரு கம்பெனி கேட்டில் வேலை கேட்டு நிற்கவேண்டி வரும் என்பதும் நினைவுக்கு வந்தது.

மைதிலியின் கை இறங்கியது.

ரோஸ்மேரியக்கா அதைப் பார்த்துவிட்டாள். ஊசி முனை தெரியாத கண்ணுக்கு அது தெரிந்தது. அவள் முகத்தில் மெல்ல ஒரு சிரிப்பு வர ஆரம்பித்தது. பிற்பாடு மைதிலி திரும்பத் திரும்ப நினைத்துக்கொண்டது அந்தச் சிரிப்பைத்தான்.

இறங்கிய கை நோட்டைப் பிரித்து, பேனாவை எடுத்து, 'ஏகமனதாக' என்று எழுதியது.